பினாங்குக் கம்பளமும் ஒரு பூனையும்

பினாங்கு
12–2–1961

மச்சான் மைதீன் பிச்சை அவர்களுக்கு அப்பாஸின் ஸலாம்.

என் அறையில் விரித்திருந்த சிவப்புக் கம்பளத்தைப் பூனை நாசம் பண்ணிவிட்டது. ஒரே வாரத்தில் மூணு தடவை, அதே இடத்தில் ஒண்ணுக்கு இருந்துவிட்டது. நான் அவசரப்பட்டு, சலவைச் சோடாவைக் கொதிநீரில் கரைத்து ஊற்றித் தேய்த்தேன். சிவப்பு இளகி, பக்கத்தில் இருந்த வெள்ளைப் பூவெல்லாம் ரோஸ் ஆகிவிட்டது. நாற்றம் மட்டும் அப்படியே நிற்கிறது.

தோட்டத்துரை ஒருவர் சீமைக்குக் கிளம்பும்போது ஏலத்தில் விட்ட கம்பளம். உங்களுக்கு அனுப்பத்தான் எடுத்தேன். கால் வைக்க மெத்தென்று இருந்ததால் நானே வைத்துக்கொண்டேன். எனக்குக் கம்பளம் வாங்கத்தான் தெரியும், கழுவத் தெரியாது. மிச்சமிருப்பதையாவது காப்பாற்ற வழி எழுதவும்.

உங்கள் முழங்கால் வலி எப்படி இருக்கிறது? உங்கள் தங்கச்சி நஜ்முவை விசாரித்ததாகச் சொல்லவும். இந்தத் தபாலில் அவளுக்குத் தனியே எழுத நேரமில்லை.

இப்படிக்கு,
அப்பாஸ்


திண்டுக்கல்
9–3–1961

மாப்பிள்ளை அப்பாஸ் அவர்களுக்கு, வ அலைக்கும் ஸலாம்.

அல்லாஹ் காவலில் எல்லாரும் நடமாட்டமாய் இருக்கிறோம். முழங்கால் மட்டும் என் பேச்சைக் கேட்பதில்லை.

கம்பளத்துக்குச் சோடாவா? நம்ம ஊர்த் தோல் ஷாப்பில் ரோமம் கழலட்டும் என்று தோலைச் சுண்ணாம்புத் தொட்டியில் போடுவார்களே, கிட்டத்தட்ட அதைத்தான் செய்திருக்கிறீர்கள். கம்பளமும் ஆட்டு ரோமம்தானே மாப்பிள்ளை!

நானும் இதில் உங்களைப் போலத்தான். வத்தலக்குண்டு சந்தையில் ஜமுக்காளத்தைத் தலையில் சுமந்து கூவி விற்றவன். எனக்கு விற்கத் தெரியும். நீங்கள் அனுப்புகிற பழைய கம்பளம் கொடைக்கானல் பங்களாக்காரன் கண்ணுக்குப் புதுசாய்த் தெரிகிறது என்றால், அது நஜ்மு கொல்லையில் உட்கார்ந்து பார்க்கிற வேலை. அதனால் அவளையே கேட்டேன். அவள் சொன்னது இது:

இனிமேல் ஈரம் பட்டால் தேய்க்கக் கூடாது. உலர்ந்த பருத்தித் துணியை மடித்து வைத்து, மேலே ஏறி நின்று ஒத்தி எடுக்க வேண்டும். பிறகு பச்சைத் தண்ணீர் நாலு பங்குக்கு வினிகர் ஒரு பங்கு கலந்து, துணியில் நனைத்துப் பிழிந்து ஒத்த வேண்டும். அதற்கும் முன்னால், பின்பக்க மூலையில் ஈர வெள்ளைத் துணியை வைத்துச் செத்த நேரம் அழுத்திப் பார்க்கணும். துணியில் சாயம் ஏறினால் அத்தோடு நிறுத்திக்கொள்ளணும். கம்பளத்தைத் தண்ணீரில் ஊறப் போடவே கூடாது, உள்நூல் மக்கிப்போகும். வெயிலில் போடாமல், கயிற்றுக் கட்டிலில் விரித்து, அடியிலும் காற்றுப் போகிற மாதிரி நிழலில் காயவிட வேண்டும்.

பூச்சிக்கு அந்துருண்டை போட்டு வைக்காதீர்கள், எடுத்து வாயில் போட்டுக்கொள்ளும் என்றும் சொல்லச் சொன்னாள். பூனை அந்துருண்டை தின்னுமா என்று எனக்குத் தெரியாது. சொன்னதை எழுதிவிட்டேன்.

நிற்க. சித்திரையில் ஊருக்கு வருவதாகப் போன கடிதத்தில் எழுதியிருந்தீர்கள். கொடைக்கானல் சீசனே ஏப்ரலும் மேயும்தான். அந்த நேரத்தில் சரக்கு வருவது நிற்கக் கூடாது. சீசன் முடியட்டும் மாப்பிள்ளை, ஐப்பசிக்கு மேல் பார்த்துக்கொள்ளலாம். நீங்கள் கடைசியாய் வந்துபோய் நாலு வருஷமாகிறது என்று நஜ்மு சொன்னாள். அவளிடம் நான் பேசிக்கொள்கிறேன். பெரிய சைஸில் நாலு கிடைத்தால், கப்பலில் வருகிறவர்கள் சாமானோடு அனுப்பிவைக்கவும்.

துஆவுடன்,
மைதீன் பிச்சை


பினாங்கு
20–4–1961

மச்சான் அவர்களுக்கு ஸலாம். இங்கே விடாமல் மழை. நான் நலம். வீட்டில் எல்லாரையும் விசாரித்ததாகச் சொல்லவும்.

வினிகர் வைத்தியத்தில் நாற்றம் போய்விட்டது. நஜ்முவுக்குச் சொல்லுங்கள்.

இப்போது வேறு ரெண்டு கறை. ஒன்று, பால் குடித்துவிட்டுக் கக்கிய இடம். வெள்ளையாய்க் காய்ந்து மொரமொரவென்று நிற்கிறது. இன்னொன்று மெழுகுப் பென்சில். நீலக் கோடு, ஒரு முழ நீளம். பென்சில் கீழே கிடந்தது, பூனை உருட்டியிருக்கும் போல. இதற்கும் வழி கேட்டு எழுதவும்.

பெரிய சைஸ் மூணு கிடைத்தது. அடுத்த கப்பலில் வரும். நீங்கள் சொன்னபடி சித்திரைக்கு வரவில்லை.

இப்படிக்கு,
அப்பாஸ்


திண்டுக்கல்
15–5–1961

மாப்பிள்ளை அப்பாஸ் அவர்களுக்கு ஸலாம். இங்கே வெயிலைத் தவிர மற்றதெல்லாம் சௌக்கியம். மூணு கம்பளமும் வந்து சேர்ந்தன. அதில் ரெண்டு அன்றைக்கே மலை ஏறிவிட்டன.

கேட்டதற்கு முதலில் பதில். இந்தத் தடவை நஜ்முவைக் கேட்கவில்லை. எனக்குத் தெரிந்ததையே எழுதுகிறேன். பால் கறையை மொண்ணைக் கரண்டியால் சுரண்டுங்கள். வெந்நீர் படக்கூடாது, பால் வெந்து ரோமத்தோடு ஒட்டிக்கொள்ளும். பூந்திக்கொட்டையை ஊறவைத்து அடித்தால் நுரை வரும். நுரையை மட்டும் எடுத்துத் தடவித் துடையுங்கள். மெழுகுக்கு, துணியில் துளி பெட்ரோல் தொட்டுத் துடைத்தால் போகும். அடுப்பு, பீடி எதுவும் பக்கத்தில் ஆகாது.

இனி நான் கேட்கிறேன், பதில் வேண்டும். இந்தப் பூனைக்குப் பல் முளைத்துவிட்டதா? எழுந்து நிற்கிறதா, சுவரைப் பிடித்து நடக்கிறதா? பென்சிலை வலது கையில் பிடிக்கிறதா, இடது கையிலா? உங்களை என்ன சொல்லிக் கூப்பிடுகிறது?

முப்பது வருஷமாய் எதிரில் நிற்கிறவன் மூஞ்சியைப் பார்த்துச் சரக்கு விற்கிறவன் நான். முதல் கடிதத்திலேயே எனக்குத் தட்டியிருக்க வேண்டும். சரக்கு நினைப்பில் விட்டுவிட்டேன். உண்மையை எழுதுங்கள். நஜ்முவிடம் இன்னும் ஒரு வார்த்தை சொல்லவில்லை.

மைதீன் பிச்சை


திண்டுக்கல்
20–8–1961

அப்பாஸுக்கு,

மூணு மாசமாய் உன்னிடமிருந்து வரி இல்லை. சரக்கும் இல்லை. இந்தக் கடிதத்தில் மாப்பிள்ளை என்றும் நீங்கள் என்றும் எழுத எனக்குக் கை வரவில்லை.

உடம்புக்கு ஒன்றுமில்லை என்று நம்புகிறேன். போன வாரம் பினாங்கிலிருந்து வந்த பழனிக்காரர் உன்னைக் கடைத்தெருவில் பார்த்ததாகச் சொன்னார். “கையில் ஒரு பெண் குழந்தை, தலையில் ரிப்பன் கட்டி அம்புட்டு அழகு” என்றார். யார் வீட்டுக் குழந்தையோ என்று சொல்லி அவருக்குக் காப்பி வாங்கிக் கொடுத்து அனுப்பினேன்.

ஏலே, எட்டு வருஷத்தில் நீ என் தங்கச்சியோடு இருந்தது கலியாணமான புதிதில் அஞ்சு மாசம், நடுவில் வந்தபோது மூணு மாசம், கூட்டினால் எட்டு மாசம். வருஷத்துக்கு ஒரு மாசம் என்று நீயே கணக்குப் பார்த்துக்கொள். கலியாண வீட்டுக்குக் கூப்பிட்டால் அவள் வரமாட்டேன் என்கிறாள். போனால், “மாப்பிள்ளை எப்ப வாராக?” என்று நாலு பேர் கேட்பார்கள். தபால்காரர் தெரு முனையில் திரும்பும்போது இவள் கொல்லையில் இருந்தாலும் கை நின்றுவிடும். நான் கவனிக்கவில்லை என்று நினைத்துக்கொண்டு, மறுபடி வேலையைப் பார்ப்பாள்.

அவளுக்கு இருபத்தொன்பது வயசு. அவளுக்குப் புருஷன் உண்டா இல்லையா? ஒரு வரி எழுது போதும்.

மைதீன் பிச்சை


பினாங்கு
10–9–1961

மச்சான் அவர்களுக்கு ஸலாம். உங்கள் வீட்டார் நலமாயிருக்க துஆ செய்கிறேன்.

பூனை இல்லை. என் மகள். ஒன்றே முக்கால் வயசாகிறது. பெயர் காதர் பீவி, என் உம்மா பெயர். மூணு வருஷத்துக்கு முன்னால் டைபாய்டு வந்து படுத்திருந்தேன். நான் வாடகைக்கு இருந்த வீட்டுக்காரர் மகள்தான் ஒன்றரை மாசம் கஞ்சி காய்ச்சிக் கொடுத்தாள். அவரே கேட்டார். நிக்காஹ் செய்துகொண்டேன். எழுதத் தைரியம் வரவில்லை. கறையைப் பற்றி எழுதும்போதாவது வீட்டைப் பற்றி எழுதுகிற மாதிரி இருந்தது.

நான் தப்பு செய்தவன்தான். ஆனால் மச்சான், உங்கள் கடிதங்களையெல்லாம் பெட்டியில் வைத்திருக்கிறேன். அவற்றிலிருந்து எழுதுகிறேன்.

1958 பங்குனி: “டிக்கெட்டை ரத்து செய்யவும். இந்தச் சீசன் முடியட்டும்.” அந்தச் சீசன் முடிந்த மாசம்தான் நான் காய்ச்சலில் விழுந்தேன்.

1959 ஆடி, உம்மா மௌத்தான சேதியோடு: “அடக்கம் ஆகிவிட்டது. இனி வந்து என்ன செய்யப் போகிறீர்கள்? டிக்கெட் பணத்துக்கு ஒரு நல்ல கம்பளம் எடுத்து அனுப்பினால் பிரயோஜனம்.”

1960 தை: “கடைக்கு மாடி எடுக்கிறேன். இந்த வருஷம் சரக்கு நிற்கக் கூடாது.”

இந்த வருஷம் எழுதியதை உங்களுக்கு ஞாபகமூட்ட வேண்டியதில்லை. வா என்று நஜ்மு ஒரு தடவை எழுதியிருந்தால் நீந்தியாவது வந்திருப்பேன். அவள் எழுதவில்லை. நீங்கள்தான் எழுதினீர்கள்.

அப்பாஸ்


திண்டுக்கல்
4–10–1961

மாப்பிள்ளை அப்பாஸ் அவர்களுக்கு ஸலாம்.

நாள் தள்ளியதற்குக் காரணம் உடம்பு இல்லை. உங்கள் கடிதத்தைப் படித்துவிட்டு ரெண்டு வாரம் பேனாவைத் தொட முடியவில்லை. நான் எழுதியவற்றின் நகல் கடையில் இருக்கிறது. எடுத்துப் பார்த்தேன். ஒரு எழுத்துக்கூட நீங்கள் கூட்டி எழுதவில்லை. உம்மா மௌத்தானபோது எழுதியதைப் படித்து, இதை எழுதினவனை என் கடையில் சேர்ப்பேனா என்று யோசித்தேன். சேர்க்க மாட்டேன்.

ஒன்று ஒப்புக்கொள்கிறேன். நஜ்மு எழுதவில்லை என்கிறீர்கள். அவள் எழுதினாள். வருஷத்துக்கு ரெண்டு கடிதம், “தபாலில் சேர்த்துருங்க அண்ணே” என்று என் கையில்தான் கொடுப்பாள். சீசன் நேரத்தில் அந்தக் கடிதம் போனால் நீங்கள் கிளம்பி வந்துவிடுவீர்கள் என்று நிறுத்திவைத்தேன். ஒன்றை வைத்தேன், பிறகு அதுவே பழக்கமாகிவிட்டது. ஏழு கடிதம். உறை பிரிக்கவில்லை. ஒரு பையில் கட்டிக் கடைப் பெட்டியில் இருக்கிறது.

எல்லாவற்றையும் அவளிடம் சொல்லிவிட்டேன். பினாங்கில் ஒரு குடும்பம் இருக்கிறது என்று தொடங்கினேன். “மாசியிலேயே தெரியும்” என்றாள். ஒரே இடத்தில் கம்பளத்தை நனைக்கிறது தூங்கவைக்கிற பிள்ளையாகத்தான் இருக்கும் என்று நான் கேட்ட அன்றைக்கே புரிந்துகொண்டாளாம். அந்துருண்டையை எழுதச் சொன்னது அதனால்தான். கறைக்கு வைத்தியம் கேட்க நான் போனது அவளிடம்! என்னை மாதிரி கெட்டிக்காரன் இந்த ஜில்லாவில் இல்லை.

அது அவளை அசைக்கவில்லை. ஏழு கடிதத்தைச் சொன்னதும் எழுந்து உள்ளே போனாள். அஞ்சாம் நாள் வந்து, “பையைக் கொடுங்க” என்றாள். கொடுத்தேன்.

இனி அவளே எழுதுவாள். நான் பிரித்துப் பார்க்க மாட்டேன். பக்கத்து வீட்டு ரோஸ்மேரி டீச்சர் கையில் கொடுத்துத் தபாலில் சேர்ப்பதாகச் சொல்லிவிட்டாள்.

மைதீன் பிச்சை


திண்டுக்கல்
28–10–1961

அஸ்ஸலாமு அலைக்கும். நஜ்முன்னிசா எழுதிக்கொள்வது. நீங்களும், உங்கள் மகளும், மகளைப் பெற்றவர்களும் சுகமாக இருக்க அல்லாஹ் போதுமானவன்.

பழைய கடிதங்களை அனுப்பவில்லை. ஏழையும் படித்துப் பார்த்தேன். ஒன்றில் கிணற்றில் தண்ணீர் வற்றியது, ஒன்றில் சின்னாளப்பட்டிச் சுங்குடிச் சேலை வாங்கியது. எல்லாவற்றிலும் கடைசி வரி ஒன்றேதான். எப்ப வாரீக? இப்போது அதை அனுப்பி என்ன ஆகும் என்று அடுப்பில் போட்டுவிட்டேன்.

அண்ணன் உங்களுக்குப் பெட்ரோல் வைத்தியம் எழுதினதாகச் சொன்னார்கள். செய்திருந்தால் இனிச் செய்ய வேண்டாம். பிள்ளை விளையாடுகிற இடம். முகம் வைத்துத் தூங்கும், கம்பளத்து நூலை வாயில் வைக்கும். மெழுகு மேலே பழைய காகிதத்தை வைத்து, இஸ்திரிப் பெட்டியை லேசான சூட்டில் ஒரு தடவை ஓட்டுங்கள். மெழுகு காகிதத்தில் ஏறிவிடும். கம்பளத்தை வாரம் ஒரு நாள் கட்டிலில் கவிழ்த்துப்போட்டுப் பிரம்பால் தட்டுங்கள். தட்டும்போது பிள்ளையை வேறு வீட்டில் விடுங்கள், அந்தத் தூசி நெஞ்சுக்கு ஆகாது. நனைந்த இடம் முழுசாய்க் காயாமல் அதில் படுக்கவைக்காதீர்கள். சளி பிடிக்கும்.

மாமி பெயரை வைத்தது சந்தோஷம். மௌத்தாகும்போது மாமி உங்கள் பெயரை மூணு தடவை சொன்னார்கள். நான்தான் “வந்துக்கிட்டிருக்காக மாமி” என்று பொய் சொன்னேன்.

ஒன்று மட்டும் சொல்லிவிடுகிறேன், அண்ணனுக்குக்கூடத் தெரியாது. நீங்கள் அனுப்புகிற கம்பளத்தைப் பிரித்தால் கப்பல் வாசம்தான் வரும். ரெண்டு கம்பளத்தில் மட்டும் உங்கள் வாசம் இருந்தது. அனுப்புவதற்கு முன்னால் நீங்கள் அதில் படுத்திருப்பீர்கள் போல. அந்த ரெண்டையும் கழுவாமல், சாயம் இளகுது, நூல் விட்டிருக்கு என்று அண்ணனிடம் சாக்குச் சொல்லி ஒரு மாசம் வைத்திருந்தேன். வாங்கவேண்டிய ஆள் கத்தின பிறகுதான் கழுவிக் கொடுத்தேன்.

கோபம் இல்லை என்று எழுத மாட்டேன். மாசியில் அண்ணன் வந்து பூனைக் கதையைச் சொன்ன அன்றைக்கு எனக்குச் சோறு இறங்கவில்லை. ஆனால் வருஷத்துக்கு ஒரு விசாரிப்பு வருகிற பெண்சாதியாக இன்னும் எத்தனை வருஷம் இருக்க முடியும்? உங்கள் மனசில் என்ன இருக்கிறது என்று எனக்கு எழுதுங்கள். அண்ணனுக்கு எழுத வேண்டாம்.

நஜ்முன்னிசா


பினாங்கு
25–11–1961

நஜ்முவுக்கு ஸலாம். உன் உடம்பைப் பார்த்துக்கொள்.

உன் கடிதத்தைப் பத்து தடவைக்கு மேல் படித்துவிட்டேன். உன் எழுத்து இவ்வளவு சின்னது என்பதே எனக்கு மறந்துபோயிருந்தது. காகிதம் வைத்து இஸ்திரி போட்டேன், மெழுகு வந்துவிட்டது.

மனசில் இருப்பதைக் கேட்டாய். உன்னை நினைக்காத நாள் இல்லை. இந்தப் பிள்ளையை விட்டு வரவும் முடியாது. பிள்ளையைப் பெற்றவளும் ஒரு தப்பும் செய்யாதவள். உன்னை நான் கட்டிவைத்திருக்கிறேன் என்று நீ நினைத்தால், சொல், தலாக்கைத் தபாலில் அனுப்பிவிடுகிறேன். இங்கிருந்து பலபேர் அப்படித்தான் அனுப்புகிறார்கள். வேண்டாம், வா என்றால் மூணு பேருமாய் வருகிறோம். எது உனக்கு நல்லதோ அதைச் சொல். நான் தட்ட மாட்டேன்.

அப்பாஸ்


திண்டுக்கல்
6–1–1962

மாப்பிள்ளை அப்பாஸ் அவர்களுக்கு ஸலாம். குளிர் அதிகம். எல்லாரும் சுகம். உங்கள் மகளுக்கு என் துஆ.

நஜ்மு எழுதியதற்குச் ‘சம்மதம்’ என்று நீங்கள் அடித்த தந்தி நேற்று வந்தது. அதைக் கையில் வைத்துக்கொண்டு கடை வாசலில் நின்றாள். எட்டு வருஷத்தில் அவள் கடைப்பக்கம் வந்தது நேற்றுத்தான். “எழுத்தில் இருக்கட்டும் அண்ணே, வாய்ப்பேச்சு வேண்டாம்” என்றாள். எனக்கும் வேறு மாதிரி எழுதத் தெரியாது. நீங்கள் ரெண்டு பேரும் கடிதத்தில் பேசி முடித்ததை அப்படியே எழுதுகிறேன். எதிலாவது மாறுபாடு இருந்தால் உடனே தெரிவிக்கவும்.

தபால் தலாக் செல்லாது. நீங்கள் தனியாக வரவேண்டும். பிறை பார்ப்பதற்கு முன்னால் நாகப்பட்டினத்தில் இறங்கி, நோன்பு முழுவதும் இந்த வீட்டில் இருக்க வேண்டும். நோன்பு திறக்கிற நேரத்துக்கு வெளியே எங்கேயும் விருந்துக்குப் போகக் கூடாது. அவளோடு உட்கார்ந்துதான் திறக்க வேண்டும். விடியுமுன் சஹர்ச் சாப்பாட்டுக்கு அவளை நீங்கள்தான் எழுப்ப வேண்டும். அந்த மாசத்தில் பினாங்குப் பேச்சும் கடைப் பேச்சும் வீட்டுக்குள் வரக் கூடாது. ரெண்டாவது என்னைச் சொன்னது.

கப்பல் செலவு போக வர என்னுடையது. நான் நிறுத்திய டிக்கெட்டுகளுக்கு இது ஈடாகாது, தெரியும்.

கடையில் சரிபாதி நஜ்முவுக்கு. இதை அவள் கேட்கவில்லை, நானே போட்டேன். கம்பளத்தைக் கழுவினது அவள். பத்திரம் எழுதியாகிவிட்டது.

மஹர், நிக்காஹ் பதிவில் நீங்கள் அவளுக்குத் தருவதாக எழுதியபடி ஐநூற்றி ஒரு ரூபாய், கையில் தரவேண்டும்.

பெருநாள் கழித்து மூணாம் நாள், பள்ளிவாசலில் ரெண்டு சாட்சி வைத்துத் தலாக். மூன்றையும் ஒரே மூச்சில் சொல்லிவிட்டால் திரும்ப வழியில்லை, ஒன்று மட்டும் சொன்னால் சுமார் மூணு மாச இத்தாக் காலம் முடிகிறவரை அழைத்துக்கொள்ள வழி இருக்கிறது என்று பள்ளிவாசல் ஆலிம்சா விளக்கிச் சொன்னார். நஜ்மு உள்ளே இருந்து கேட்டுக்கொண்டிருந்தாள். பிறகு இதைத் தனியாக எழுதச் சொன்னாள்: ஒன்றுதான் சொல்ல வேண்டும்.

மைதீன் பிச்சை